கன்னியப்பன் கேட்ட வட்டி

ஆம்பூர் பஜாரில் கன்னியப்பனுக்கு வெற்றிலை மடித்துக் கொடுக்க யாருக்கும் கை வராது. கொடுத்தால் பிரித்துப் பார்ப்பார். உள்ளே என்ன வைத்திருக்கிறது என்று பார்ப்பது ஒரு பக்கம். பிரிக்கும்போது கொடுத்தவன் கண் எங்கே போகிறது என்று பார்ப்பது இன்னொரு பக்கம். கள்ளச்சாராயம் பிடிக்கிற சர்க்கார் இலாகாவில் தலை நரைக்கும்வரை சேவகனாக இருந்தவர். பாடையில் படுத்திருந்த பிணத்தைத் தட்டி எழுப்பி, அதன் முதுகுக்கடியிலிருந்து இரண்டு கலயம் எடுத்தவர். நிறைமாதக்காரி என்று எல்லோரும் வழிவிட்ட பூவம்மாளை நிறுத்தி, வயிற்றில் கட்டியிருந்த ஆட்டுத்தோல் பையை அவிழ்க்க வைத்தவர். அப்படிப்பட்ட ஒருவர், உலகத்தில் எதுவும் பார்த்தபடி இருக்காது என்று நம்பினால் அதில் தப்பு சொல்ல முடியாது.

ஓய்வு பெற்ற மறுமாதம் பென்ஷன் வந்திருக்க வேண்டும். வரவில்லை. அவர் முதலில் வேலைக்குச் சேர்ந்தது வடக்கே தெலுங்குப் பக்கம். பிற்பாடு ஜில்லாவை இரண்டாகப் பிரித்தபோது அந்தப் பக்கம் வேறு ஜில்லாவாகிவிட்டது. அவருடைய ஆரம்ப வருஷத்துக் கடுதாசிகள் அங்கே இருக்கின்றன என்று இங்கே சொன்னார்கள். இங்கேதான் அனுப்பிவிட்டோம் என்று அங்கே சொன்னார்கள். நடுவில் கன்னியப்பன் ரயிலுக்கும் சர்க்கார் கச்சேரிக்குமாக அலைந்தார்.

"கடுதாசி காணாம போவல. எவனோ என் பேர்ல வாங்கித் தின்னுக்கினு இருக்கான்" என்றார் மனைவி கோவிந்தம்மாளிடம்.

"உன் பேர்ல வாங்கறதுக்கு எவன்யா வருவான்? உன் மூஞ்சிய வெச்சிக்கினு உனக்கே குடுக்க மாட்றான்."

அவர் கேட்கவில்லை. பென்ஷன் பட்டுவாடா நாளில் கஜானா வாசலில் வேப்பமரத்தடியில் நின்று, உள்ளே போகிற ஒவ்வொரு கிழவனையும் பார்த்தார். தன் சாடையில் யாராவது இருக்கிறானா என்று. ஒருவன் இருந்தான். பின்னாலேயே அவன் வீடுவரை போய் விசாரித்தால், அவன் தபால் இலாகாவில் ஓட்டக்காரனாக இருந்தவன். கன்னியப்பனை உட்கார வைத்து மோர் கொடுத்தான். அவர் மோரைக் குடிக்கவில்லை.

இரண்டு வருஷத்துக்கு மேல் இப்படியே போயிற்று. அந்த இரண்டு வருஷமும் அவர் வீட்டு அடுப்பு எரிந்தது நிசார் அஹமதால்.

நிசார் அஹமது பாலாற்றங்கரையில் தோல் ஷாப்பு வைத்திருந்தவர். ஊறுகிற தோலும் ஆவாரம்பட்டையும் சேர்ந்த அந்த நாற்றத்துக்கு ஊரே பழகிப்போயிருந்தது. அங்கே பட்டைக் குழிக்குள் சாராயப் பானை புதைத்திருப்பதாக யாரோ துப்புக் கொடுத்து, கன்னியப்பன் ஒரு காலத்தில் இன்ஸ்பெக்டரோடு போய்ச் சோதனை போட்டிருக்கிறார். குழியில் கிடந்த தோலையெல்லாம் வெளியே இழுத்துப் போட்டதில் ஒரு குழிச் சரக்கு வீணாயிற்று. பானை கிடைக்கவில்லை. அதற்குப் பிறகு இரண்டு பேரும் பேசிக்கொண்டதில்லை.

அந்த நிசார் அஹமது ஒரு நாள் சாயாக் கடையில் தானாக வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்.

"கன்னியப்பன், பென்ஷன் வர்லன்னு கேள்விப்பட்டேன். மாசம் அஞ்சு ரூபா நம்ம ஷாப்புல வாங்கிக்க. வந்ததும் குடு."

"வட்டி?"

"வட்டி எங்களுக்கு ஹராம். வாங்கமாட்டேன்."

"ஈடு?"

"உங்கிட்ட இன்னா இருக்குது ஈடு வெக்க? நம்ம கணக்குல எழுதிக்கிறேன். ரெண்டு சாட்சி போதும்."

கன்னியப்பன் வாங்கிக்கொண்டார். வாங்காமல் வழியில்லை. ஆனால் அன்றிலிருந்து அவருக்குச் சோறு இறங்கவில்லை. வட்டி கேட்கிறவனை அவருக்குப் புரியும். ஈடு கேட்கிறவனையும் புரியும். ஒன்றும் கேட்காதவன் எதையோ பிற்பாடு கேட்கப்போகிறான். எதை? வீடு மண்சுவர், எடுத்துக்கொண்டால் மழைக்கு ஒழுகும். பெண் பிள்ளை இல்லை. இலாகா ரகசியம் என்றால், தானே இலாகாவை விட்டு வந்தாயிற்று. ஒவ்வொன்றாகக் கழித்துப் பார்க்கப் பார்க்கச் சந்தேகம் கூடிற்றே தவிரக் குறையவில்லை.

கடைசியில் ஒரு வழி கண்டுபிடித்தார். அவன் கேட்பதற்கு முன்னால் நாமே ஏதாவது கொடுத்துவிட்டால் பிறகு அவன் வாய் திறக்க முடியாது அல்லவா? வெள்ளிக்கிழமை மத்தியானம் முதலாளி, மேஸ்திரி, வாசல்காரன் எல்லோரும் ஜும்மா தொழப் போய்விடுவார்கள். அந்த நேரத்தில் தோல் ஷாப்பு வாசலில் போய் நின்றுகொண்டார். யாரும் அழைக்கவில்லை. உலரப்போட்ட தோலை நாய் இழுக்காமலும் ஆள் இழுக்காமலும் பார்த்துக்கொண்டார். நிசார் அஹமது திரும்பி வரும்போது ஒரு சலாம் போட்டுவிட்டுப் போய்விடுவார். அடுத்த வெள்ளிக்கிழமையும். அதற்கடுத்ததும்.

சும்மா நிற்க அவருக்குத் தெரியாது. வெளியே போகிற கூலியாட்களின் மூட்டையையும் சோதித்தார். பூவம்மாள் சிறையிலிருந்து வந்தபின் அங்கேதான் பட்டை இடித்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு இது வசதியாகப் போயிற்று.

"வாய்யா சேவகரே" என்பாள், கூடையை அவர் முகத்துக்கு நேரே நீட்டி. "பாரு, நல்லாப் பாரு. சோத்துச் சட்டி இருக்குது, சட்டிக்குள்ள சட்டி இருக்குதான்னு பாரு. வயித்தயும் பாத்துடறியா?"

சுற்றி நின்ற பெண்கள் சிரிப்பார்கள். கன்னியப்பன் சட்டியைத் தூக்கி அடியைத் தட்டிப் பார்த்துவிட்டுத்தான் அனுப்புவார்.

"சம்பளம் எவ்ளோ தர்றாரு பாயி உனக்கு?"

"சம்பளம் இல்ல."

"சும்மாவா நிக்கறே? அப்ப உனக்குத்தான் எதோ உள்ள இருக்குது!"

 நியாயமான சந்தேகம் என்று கன்னியப்பனுக்கே தோன்றிற்று.

பென்ஷன் ஒருவழியாக வந்தது. பாக்கி முழுவதும் ஒரே தடவையில் வந்தது. கன்னியப்பன் அன்றைக்கே இரண்டு சாட்சிகளோடு போய்க் கடனை அடைத்தார். இப்போது கேட்பான், இப்போது கேட்பான் என்று காத்திருந்தார். நிசார் அஹமது ரூபாயை வாங்கி வைத்துக்கொண்டு, கணக்கில் கோடு கிழித்துவிட்டு, சாயா வரவழைத்தார். அவ்வளவுதான். அவர் முதல் வாய் குடித்த பிறகே கன்னியப்பன் தன் கோப்பையைத் தொட்டார்.

வெள்ளிக்கிழமைக் காவலை அதோடு நிறுத்திவிட்டார். ஆனால் மனம் நிற்கவில்லை. இரண்டு வருஷம் தன் பணத்தை வைத்துக்கொண்டிருந்தது யார்? சர்க்கார். சாராயக் குத்தகைக்காரன் தவணைப் பணத்தை ஒரு நாள் தாமதித்தால் சர்க்கார் வட்டி போடும். அந்த நோட்டீசைக் கொண்டுபோய்க் கதவில் ஒட்டியவரே கன்னியப்பன்தான். அப்படியானால் வட்டி என்றால் என்ன என்று சர்க்காருக்குத் தெரியாமல் இல்லை. மனு எழுதுகிறவனிடம் சொல்லி எழுதிப் போட்டார்: தாமதித்த பென்ஷனுக்கு வட்டி வேண்டும்.

கச்சேரியில் ஹெட் கிளார்க் சுந்தரமூர்த்தி அதைப் படித்துவிட்டு அடுத்த மேஜைக்காரரைக் கூப்பிட்டுக் காட்டினார். "சர்க்காருக்கே வட்டி போடறாரு பாருங்க, நம்ம கன்னியப்ப சேட்டு."

ஆனால் புதிதாக வந்திருந்த டிப்டி கலெக்டர் சிரிக்கவில்லை. கன்னியப்பனை உள்ளே கூப்பிட்டனுப்பினார்.

"சட்டத்தில் இதற்கு இடமில்லை" என்றார். "ஆனால் தாமதத்தினால் நீர் கடன் வாங்கி, அதற்கு வட்டியும் கட்டியிருந்தால், அது கையிலிருந்து போன நஷ்டம். அதைக் காட்டினால் மேலே சிபாரிசு எழுதுகிறேன். கடன் கொடுத்தவரிடம் எழுதி வாங்கி வாரும்."

கன்னியப்பனுக்கு இது இன்னும் மோசமாகப் பட்டது. முடியாது என்று சொல்லியிருந்தால் நம்பியிருப்பார். இந்த ஆள் ஏன் இவ்வளவு நல்லவனாக இருக்கிறான்?

தாழ்வாரத்தில் சுந்தரமூர்த்தி பின்னாலேயே வந்தார். குரலைத் தாழ்த்தினார். "யார்ட்ட கடன் வாங்கினே?"

"நிசார் அஹமது பாய்கிட்ட."

"அடப்பாவி. அவரு வட்டியே வாங்கமாட்டாரே. சரி, வுடு. நமக்கு வேண்டிய சவுக்கார் ஒருத்தர் இருக்காரு. ரெண்டு வருசத்துக்கு முன்ன தேதி போட்டு எழுதிக் குடுப்பாரு. அவருக்கு ஒரு பங்கு, எனக்கு ஒரு சின்ன பங்கு."

கன்னியப்பன் அவரை ஏற இறங்கப் பார்த்தார். "எழுதிக் குடுத்துட்டு, அந்தக் கடன் நோட்ட வெச்சே என் மேல பிராது போட்டா?"

"உன்னல்லாம் திருத்த முடியாது" என்று சுந்தரமூர்த்தி உள்ளே போய்விட்டார்.

அங்கிருந்து நேராகத் தோல் ஷாப்புக்குப் போனார். நிசார் அஹமது கணக்கு மேஜையில் இருந்தார். கன்னியப்பன் நின்றபடியே விஷயத்தைச் சொன்னார். மாதாமாதம் இவ்வளவு வட்டி வாங்கினேன் என்று ஒரு தாளில் எழுதித் தர வேண்டும்.

நிசார் அஹமது பேனாவைக் கீழே வைத்தார். "தோபா, தோபா. நான் வட்டி வாங்கினேன்னு என் கையால எழுதறதா? அத கச்சேரியில படிப்பாங்களா?"

"படிப்பாங்க."

"பள்ளிவாசல்ல நான் எந்த மூஞ்சிய வெச்சிக்கினு நிக்கறது? இல்லாததை ஏன்யா எழுதச் சொல்றே?"

"இல்லாததா?" கன்னியப்பனுக்கு இரண்டு வருஷமாக அடைத்துக்கொண்டிருந்தது வெளியே வந்தது. "வெள்ளிக்கெழம வெள்ளிக்கெழம வாசல்ல காவல் நின்னேனே, அது இன்னா பாய்? ஒரு பைசா குடுத்தியா?"

நிசார் அஹமது அவரை வெறித்துப் பார்த்தார். "நீ தோஸ்த்தா வந்து நிக்கறேன்னு நெனச்சேன்."

"தோஸ்த்தா? நானா?"

"பின்ன எதுக்கு நின்னே?"

"நீ எதுக்குக் கடன் குடுத்தே? அத சொல்லு மொதல்ல. உன் தோலையெல்லாம் இழுத்துப் போட்டவன் நான்."

"அதுக்குத்தான் குடுத்தேன்" என்றார் நிசார் அஹமது. "அன்னிக்கு உன்கூட வந்த இன்ஸ்பெக்டர், 'ஒண்ணும் கெடைக்கலன்னா நம்மளே ஒரு பானைய வெச்சிடலாம்'னு உங்கிட்ட சொன்னான். குழிக்கு அந்தப் பக்கம் நின்ன எம் மேஸ்திரி கேட்டுக்கினு இருந்தான். நீ மாட்டேன்னுட்டே. வெச்சிருந்தா நான் இன்னிக்கு இங்க உக்காந்திருக்க மாட்டேன்."

 கன்னியப்பன் உள்ளதைச் சொன்னார். "உனக்காக மாட்டேன்னு சொல்லல பாய். வெச்சேன்னா அந்த ஆளு நாளைக்கி என்னையே மாட்டி வுட்டுருப்பான். அந்த பயம்."

"எதுவா இருந்தா இன்னா? வெக்கல இல்ல?"

அதற்கும் மேல் பேச்சு நகரவில்லை. கன்னியப்பன் வெறுங்கையோடு வீட்டுக்கு வந்தார்.

இரண்டு நாள் கழித்து நிசார் அஹமதே அவர் வீட்டு வாசலில் வந்து நின்றார். கையில் ஒரு சிறிய துணி முடிச்சு இருந்தது. முகம் காய்ச்சலில் கிடந்து எழுந்தவர் மாதிரி இருந்தது. கோவிந்தம்மாள் பலகையைத் தட்டிப் போட்டாள்.

"பள்ளிவாசல் ஹஜ்ரத்துகிட்ட கேட்டேன்" என்றார் உட்கார்ந்தபடி. "கடன் குடுத்தவன் அந்தக் கடனால எந்த லாபம் அடைஞ்சாலும் அது வட்டிதான்னு சொல்லிட்டாரு. பணமா வாங்கினாலும் சரி, காவலா வாங்கினாலும் சரி. தெரியாம வாங்கினேன், ஆனா வாங்கிட்டேன். இது அத்தனை வெள்ளிக்கெழமைக்கும் உன் கூலி. எடுத்துக்க. எடுத்துக்கினா என் மேல இருக்கறது தீந்துபோவும்."

கன்னியப்பன் முடிச்சைத் தொடவில்லை. மூளை வேகமாக ஓடிற்று. கூலியை வாங்கினால் நஷ்டம் இல்லை. நஷ்டம் இல்லையென்றால் டிப்டி கலெக்டரிடம் காட்ட ஒன்றுமில்லை. சர்க்கார் தர வேண்டியதை இந்த ஆள் ஏன் இவ்வளவு அவசரமாகக் கொண்டுவந்து தருகிறான்?

"கச்சேரியில இருந்து யாராவது உன்னப் பாத்தாங்களா?"

"யாரு?"

"சுந்தரமூர்த்தி."

"யோவ், நீ மனுசனா?" என்றாள் கோவிந்தம்மாள். "அந்தாளு அழுவறாப்பல உக்காந்துக்கினு இருக்காரு."

"அழுவறதெல்லாம் நான் பாத்திருக்கறேன். பூவம்மாகூடத்தான் அழுதா, வயித்துல பையக் கட்டிக்கினு."

நிசார் அஹமது கையை உயர்த்தினார். "சண்ட வேணாம்மா. கன்னியப்பன், உனக்கு சர்க்கார் பணம்தான் வேணும்னா அதுக்கும் வழி இருக்குது. இந்தக் கூலிய நீ வாங்காத. நான் உள்ளத எழுதித் தர்றேன். கடன் குடுத்தேன், அதுக்கு பதிலா இந்த ஆளு காவல் நின்னான், நான் அத அனுபவிச்சேன்னு. அது பொய் இல்ல. கையெழுத்தும் போடறேன்."

"போட்டா?"

"போட்டா நான் வட்டி தின்னவன். அவ்ளோதான்."

கன்னியப்பனுக்கு இது நல்ல வலை மாதிரித் தெரிந்தது. இரக்கப்பட வைத்து மனுவை விடச் செய்கிற வலை. அதைச் சோதித்துப் பார்க்க ஒரே வழிதான் உண்டு.

"எழுது" என்றார்.

கோவிந்தம்மாள் தலையில் அடித்துக்கொண்டு உள்ளே போனாள். நிசார் அஹமது சட்டைப் பையிலிருந்து தாளும் பேனாவும் எடுத்தார். கொண்டுவந்தே இருந்தார். பலகையின் ஓரத்தில் தாளை வைத்துத் தன் பெயரை எழுதினார். தகப்பன் பெயரை எழுதினார். 'என்கிற நான்' என்று எழுதினார். கன்னியப்பன் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். மறைக்கிறவன் கையை அவருக்கு நன்றாகத் தெரியும். அது ஒன்று நடுங்கும், அல்லது நடுங்காமல் இருக்கப் பாடுபடும். இந்தக் கை அந்த இரண்டையும் செய்யவில்லை. கனமான எதையோ தூக்குகிற மாதிரி மெதுவாக நகர்ந்தது. 'வட்டிக்கு ஈடாக' என்ற இடத்துக்கு வந்ததும் நின்றது. பிறகு மறுபடியும் நகரத் தொடங்கிற்று.

"நிறுத்து பாய்" என்றார் கன்னியப்பன்.

"ஏன்?"

"அந்தத் தாளு செல்லாது. ஸ்டாம்பு இல்ல."

துணி முடிச்சை இழுத்துத் தன் பக்கம் வைத்துக்கொண்டார். எண்ணிப் பார்த்தார், அது வேறு விஷயம். எழுதின தாளை வாங்கி நாலாகக் கிழித்து, துண்டுகளைத் தானே அடுப்பில் போட்டுவிட்டு வந்தார். வெளியே போட்டால் யாராவது பொறுக்கி ஒட்டிவிடுவார்கள்.

குறித்த நாளில் கச்சேரிக்குப் போனார்.

"எழுதி வாங்கினீரா?" என்றார் டிப்டி கலெக்டர்.

"இல்லீங்க."

"வட்டி கொடுத்தீரா, இல்லையா?"

"குடுக்கலீங்க. வட்டி வாங்கற ஆளு இல்லீங்க அவரு."

சுந்தரமூர்த்தி மேஜைக்குப் பக்கத்தில் நின்று, இந்த மடையனைப் பாருங்கள் என்பது போல உதட்டைச் சுழித்தார். டிப்டி கலெக்டர் இங்கிலீஷில் நாலு வரி எழுதி, படித்துக் காட்டச் சொன்னார். சுந்தரமூர்த்தி தமிழில் சொன்னார்: "தாமதத்தினால் மனுதாரருக்கு நஷ்டம் ஏதும் உண்டாகவில்லை. மனு தள்ளப்பட்டது. இங்க கையெழுத்து போடு, உத்தரவு வாங்கிக்கினேன்னு."

கன்னியப்பன் பேனாவை வாங்கவில்லை.

"தள்ளுங்க. அது உங்க இஷ்டம். நஷ்டம் இல்லன்னு எழுதக் கூடாதுங்க."

"நீரேதான் இல்லை என்றீர்?"

"வட்டி குடுக்கலன்னு சொன்னேங்க. நஷ்டம் இருந்துச்சு. வட்டிக்கு பதிலா ரெண்டு வருசம் உழைச்சிக் கழிச்சேன். அத வேற ஒருத்தரு வந்து தீத்துட்டாரு. அவரு தீத்ததுக்கு, நஷ்டமே இல்லன்னு சர்க்கார் எழுதிக்கினா எப்பிடிங்க? அவரு குடுத்தாருங்கற பேரும் போச்சி, நான் பட்டதும் போச்சி."

"யோவ், யாருகிட்டப் பேசறே?" என்றார் சுந்தரமூர்த்தி.

"எஜமான்கிட்டத்தான். அத மாத்தி எழுதாத வரைக்கும் கையெழுத்துப் போடமாட்டேங்க. போட்டா நாளைக்கி நான் பொய் மனு குடுத்தேன்னு ஆயிடும். அதுக்குக் கேசு உண்டு. நானே போட்டிருக்கறேன் அந்தக் கேசு."

டிப்டி கலெக்டர் அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தார். கோபமா இல்லையா என்று கன்னியப்பனால் கண்டுபிடிக்க முடியவில்லை. பிறகு அவர் ஒரு வரியை அடித்து, மேலே பொடி எழுத்தில் ஏதோ சேர்த்தார். சுந்தரமூர்த்தி அதை விருப்பமில்லாமல் படித்தார்: தாமதம் சர்க்காருடையது, அதனால் உண்டான நஷ்டத்தைச் சர்க்கார் ஈடு செய்யவில்லை, பிறர் ஈடு செய்ததால் இப்போது கோரிக்கை எதுவும் நிற்கவில்லை, மனு தள்ளப்பட்டது.

"இப்போது?"

"இப்ப சரிங்க."

கையெழுத்துப் போட்டு நகலை வாங்கிக்கொண்டு வெளியே வந்தார். பத்து அடி நடந்ததும் சந்தேகம் வந்தது. படித்தவன் சுந்தரமூர்த்தி. தாளில் ஒன்று இருக்க, வாயில் ஒன்று சொல்லியிருந்தால்?

நேரே மிஷன் பள்ளிக்கூடத்துக்குப் போனார். சாமுவேல் வாத்தியார் பிள்ளைகளுக்குக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தவர், வெளியே வந்து தாளைப் படித்துச் சொன்னார். வார்த்தைக்கு வார்த்தை அதேதான். கன்னியப்பன் நன்றி சொல்லிவிட்டு வெளியே வந்தார். சாமுவேல் வாத்தியாரின் தம்பிக்குக் கச்சேரியில் வேலை என்பது தெருமுனையில் ஞாபகம் வந்தது.

அடுத்த நாள் ரயிலேறி ஜோலார்பேட்டைக்குப் போனார். அங்கே ரயில்வே லோகோ ஷெட்டில் அந்தோணி என்று ஒருவர். இங்கிலீஷ் நன்றாக வரும், ஆம்பூர்ப் பக்கம் காலே வைத்ததில்லை என்று விசாரித்து வைத்திருந்தார். அந்தோணி கையிலிருந்த கரியைத் துடைத்துக்கொண்டு, தாளை வெளிச்சத்தில் பிடித்து மெதுவாகப் படித்தார்.

"லேட்டு பண்ணது கவர்மெண்டு. நஷ்டத்த கவர்மெண்டு குடுக்கல. வேற யாரோ குடுத்துட்டாங்க. அதனால உனக்கு வர வேண்டியது ஒண்ணும் இல்ல. அவ்ளோதான் பெரியவரே. இதுக்கா இவ்ளோ தூரம் வந்தே?"

"அவ்ளோதானா? வேற ஒண்ணும் இல்லியே?"

"கீழ கையெழுத்து இருக்குது. அதையும் படிக்கணுமா?"

கன்னியப்பன் தாளை மடித்து மடியில் செருகினார். இரண்டு பேரும் ஒரே மாதிரி சொல்லிவிட்டார்கள். அது திருப்தியாகவும் இருந்தது, உறுத்தலாகவும் இருந்தது. நாலு அடி போனவர் திரும்பி வந்தார்.

"தம்பி, ஆம்பூர்ல சாமுவேல் வாத்தியார்னு ஒருத்தர உனக்குத் தெரியுமா?"

"எந்த சாமுவேல்?"

"தெரியாது?"

"தெரியாதுங்க."

கன்னியப்பன் அந்தோணியின் கண்களைப் பார்த்தார். நிதானமாக, வேண்டிய மட்டும் பார்த்தார். பிறகு ரயிலடிக்கு நடந்தார்.